வெள்ளிக்கிழமை கொடுத்த உறை

காலையில் பல் துலக்குவதற்கு முன்பே சேர்மதுரை மொட்டைமாடிக்கு ஏறிவிடுவார். உடற்பயிற்சிக்கு என்று வீட்டில் சொல்லியிருந்தார். அங்கே நின்று அவர் செய்ததெல்லாம் ஒன்றே ஒன்றுதான். ரயில் பாதைக்குக் கிழக்கே, தம் சகலை லிங்கராசாவின் தொட்டிக்கூடத்திலிருந்து எண்ணெய் லாரிகள் புறப்பட்டுத் துறைமுகச் சாலையில் ஏறுவதைப் பார்ப்பது. லாரி போனால் வயிறு எரியும். போகாவிட்டால், ஏன் இன்னும் போகவில்லை, இரண்டாகச் சேர்த்து அனுப்பப்போகிறானோ என்று எரியும்.

விஷயத்தை முதலிலிருந்து வரிசையாகச் சொன்னால்தான் விளங்கும்.

வேலாயுதபேட்டையை ரயில் பாதை இரண்டாகப் பிரிக்கிறது. கிழக்கே கல்யாண மண்டபங்களும் ஓட்டல்களும் மிட்டாய்க் கடைகளும். மேற்கே தீப்பெட்டி ஆபீஸ்களும் வரிசை வீடுகளும். ஊர் முழுக்கக் குப்பை அள்ளும் ஒப்பந்தத்தை ஒரு காலத்தில் ஒரே ஆள் வைத்திருந்தார். அவருக்கு ஆண்பிள்ளை இல்லை. இரண்டு பெண்கள். மூத்தவள் பொற்கிளியைக் கட்டிய சேர்மதுரைக்கு மேற்கையும், இளையவள் சந்தனக்கனியைக் கட்டிய லிங்கராசாவுக்குக் கிழக்கையும் கொடுத்துவிட்டுக் கண்ணை மூடினார். மூத்த மருமகனுக்கு ஏன் மேற்கு என்ற கேள்வி அன்று சேர்மதுரையின் நெஞ்சில் விழுந்தது. அது மக்காத குப்பையாக உள்ளேயே கிடந்தது.

அந்தக் காலத்தில் இந்தத் தொழிலில் வரவு பெரும்பாலும் ஒரே வழியில்தான். அள்ளிய எடைக்கு நகராட்சி டன் கணக்கில் கொடுக்கும். மக்கும் குப்பையை உரமாக்கி வாழைத் தோட்டத்துக்கு விற்றால் ஆட்களின் டீச்செலவுக்கு ஆகும். மற்றதைக் காயலான் கடைக்குப் போட்டால் வண்டி ரிப்பேருக்கு ஆகும். பெரிதாகச் சம்பாதிக்கவும் வழியில்லை, பெரிதாக இழக்கவும் வழியில்லை. சகலைகள் இருவரும் கோயில் கொடைத் திருவிழாவுக்கு ஒரே தொகை எழுதினார்கள்.

அப்புறம் தின்னி வந்தது.

ஏதோ ஓர் ஆய்வுக்கூடத்தில் வளர்த்தெடுத்த நுண்ணுயிர் அது. அதற்கு வாயில் நுழையாத பெயர் ஒன்று உண்டு. ஊரில் தின்னி என்றார்கள். வாழையிலை, பிளாஸ்டிக் பை, அறுந்த செருப்பு, கெட்டுப்போன சாம்பார், எதைப் போட்டாலும் தின்று, கப்பலுக்கு ஊற்றுகிற எண்ணெயாகக் கக்கிவிடும். லிங்கராசா முந்திக்கொண்டான். லைசன்ஸ் வாங்கினான், தொட்டி கட்டினான். முதல் லாரி எண்ணெய் துறைமுகத்துக்குப் போன அன்று குப்பை என்பது சரக்கு ஆகிவிட்டது. வீட்டு வாசலில் வந்து குப்பையைச் சும்மா அள்ளிக்கொண்டு போனவன், வீட்டு வாசலில் வந்து குப்பைக்குக் காசு கொடுக்க ஆரம்பித்தான். கிழக்கே பெண்கள் வண்டி வருமுன்பே வாளியோடு நின்றார்கள்.

அந்த வருடம் கோயில் கொடையில் மைக்கில் முதல் பெயராக லிங்கராசாவைச் சொன்னார்கள். சேர்மதுரையின் பெயர் பந்தல்காரர் பெயருக்கு அப்புறம் வந்தது.

"மைக்குக்காரன் அப்பிடி வாசிச்சா அதுக்கு எங்க தங்கச்சி என்ன செய்வா?" என்றாள் பொற்கிளி.

"நான் ஒண்ணும் சொல்லலியே."

"நீங்க சொல்லல. ஆனா கொடையில இருந்து வந்ததுலேருந்து சோத்த வெறுஞ்சோறா அள்ளித் திங்கீங்க. கொழம்பு ஊத்தினது கூடத் தெரியல."

சேர்மதுரைக்குக் குழம்பு தெரியவில்லைதான். தார்ப்பாய் போட்டு மூடிய லாரிகள் மறுபடி கிழக்கே போனதை அன்று காலையில் பார்த்திருந்தார். எண்ணெய் லாரிகள் வெளியே போகும், தார்ப்பாய் லாரிகள் உள்ளே வரும். உள்ளே வருபவை என்ன என்று அவர் யாரிடமும் கேட்கவில்லை. தாமாகவே தெரிந்துகொண்டார். இந்த ஊர்க் குப்பை போதாமல் வெளியூர்க் குப்பையையும் வளைத்துப்போடுகிறான்.

மேற்கில் அதே சமயத்தில் வாளிகள் லேசாகிக்கொண்டு வந்தன. சேர்மதுரையிடம் வெகுகாலமாகத் தெருவண்டி ஓட்டும் மரியபுஷ்பம்தான் முதலில் சொன்னாள்.

"அண்ணாச்சி, வாளியத் தூக்கினா காத்தத் தூக்குன மாதிரி இருக்கு. அஞ்சு தெரு சுத்தினாலும் வண்டி பாதி நெறையல."

"ஏன் நெறையல?"

"சனங்க போடுறதில்ல. மிச்சம் இருந்தாத்தான போடுவாவ?"

"மிச்சம் இல்லாம எங்க போவும்? நேத்து வரைக்கும் இருந்தது இன்னைக்கு எங்க போச்சி?"

"எங்கிட்டக் கேட்டா? நானா எடுத்துத் திங்கேன்?"

சேர்மதுரை அவளை ஒரு மாதிரியாகப் பார்த்தார். மேற்குக் குப்பை ரகசியமாகக் கிழக்கே போகிறது, இவளுக்கும் அதில் பங்கு இருக்கலாம் என்று அவருக்குப் பட்டது. அந்த மாதத்திலிருந்து ஆட்களின் சம்பளத்தை அள்ளிவரும் எடையோடு சேர்த்துவிட்டார். எடை குறைந்தால் சம்பளம் குறையும். அதோடு நிற்காமல், ரயில்வே கேட்டில் தாமே போய் நின்றுகொண்டார். குப்பை எல்லை தாண்டுகிறதா என்று பார்க்க.

கேட்டுக்குப் பக்கத்தில் இட்லிக் கடை வைத்திருக்கும் ஆனந்தவல்லி, மூடிபோட்ட வாளி ஒன்றை இடுப்பில் இடுக்கிக்கொண்டு பாதையைக் கடக்க வந்தாள்.

"நில்லு. வாளிய எறக்கு" என்றார் சேர்மதுரை.

"எதுக்கு?"

"எறக்குன்னா எறக்கு. அந்தப் பக்கம் என்ன ரேட்டு குடுக்கான்?"

ஆனந்தவல்லி அவரை மேலும் கீழும் பார்த்துவிட்டு வாளியை இறக்கி மூடியைத் திறந்தாள். கஞ்சித்தண்ணி. அதுவும் தண்ணிதான் அதிகம், கஞ்சி கொஞ்சம். பாதைக்கு அந்தப் பக்கம் புதரில் கட்டியிருந்த அவளுடைய ஆடுகள் இவள் குரலைக் கேட்டுக் கத்தின.

"அந்தா கத்துதுல்லா? அதுககிட்டப் போயி ரேட்டு கேளும்" என்றாள். கேட் திறக்கக் காத்திருந்தவர்கள் எல்லாரும் சிரித்தார்கள். சைக்கிளில் ஒரு காலை ஊன்றி நின்ற ஒருவன், "அண்ணாச்சி கஞ்சித்தண்ணிக்குச் செக்போஸ்ட் போட்டிருக்காருவே!" என்று பின்னால் இருந்தவனுக்குச் சத்தமாகச் சொன்னான்.

"இட்லி மிஞ்சினா ஆட்டுக்கு இட்லியே வைப்பேன்" என்று ஆனந்தவல்லி வாளியை மறுபடி இடுப்பில் ஏற்றினாள். "அரிசி விக்கிற வெலையில ஒரு ஈடு கொறச்சி ஊத்துதேன். மிஞ்ச எங்க இருக்கு? அடுத்தவன் வீட்டு எச்சிலப் பாத்து ஏங்குற மனுசன இப்பத்தான்வே பாக்கேன்."

அதில் அரிசி விலை என்று ஒரு பேச்சு வந்தது. சேர்மதுரை காதில் அது ஏறவில்லை. எச்சில் என்ற பேச்சுதான் ஏறியது. வீட்டுக்கு வந்ததும், தாமும் தொட்டி கட்டுவது என்று முடிவு செய்தார்.

லைசன்ஸ் வாங்கினார். உரக்குழிகளை மண்போட்டு மூடி அவற்றின்மேல் தொட்டி கட்டினார். வாழைத் தோட்டக்காரர்கள் வந்து உரம் கேட்டபோது, "அதெல்லாம் அந்தக் காலம்" என்று அனுப்பிவிட்டார். தின்னி விற்கிற கம்பெனி கொடுத்த நுண்ணுயிரை ஊற்றினார். அது செத்துப்போனது. மறுபடி வாங்கி ஊற்றினார். மறுபடியும் செத்தது. தொட்டிமேல் வெள்ளையாக ஆடை படர்ந்து கிடந்தது.

கம்பெனியின் சார்பில் இந்த வட்டாரத் தொட்டிகளைப் பார்த்துக்கொள்ளும் பெண் நிலோஃபர். காயல்பட்டினத்துக்காரி. கண்ணாடிக் குழாயில் கொஞ்சம் எடுத்து வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்துவிட்டுச் சொன்னாள்.

"சார், இது தயிர் மாதிரி. வீட்டுக்கு வீடு தயிர் ருசி மாறும் இல்லையா? பால் வேற, பானை வேற, கை வேற. அதே மாதிரி இந்தக் கல்ச்சரும் அந்தந்த ஊர்க் குப்பைக்குப் பழகணும். கிழக்குத் தொட்டிக்கு ஒரு வருஷம் ஆச்சு பழக. அதுவரைக்கும் பொறுமையா ஊட்டணும்."

"ஒரு வருசமா? அடுத்த வாரம் டெண்டரும்மா!"

அதுதான் அவர் கழுத்தைப் பிடித்திருந்தது. ஊருக்கு இனிமேல் இரண்டு ஒப்பந்தம் கிடையாது, ஒன்றுதான் என்று நகராட்சி அறிவித்திருந்தது. கிழக்கும் மேற்கும் சேர்ந்து ஒரே ஆளுக்கு. ஓடுகிற தொட்டி இருப்பவர்தான் டெண்டர் போடலாம். திங்கட்கிழமை கமிஷனர் வந்து தொட்டியைப் பார்ப்பார். தொட்டி ஓடவில்லை என்றால் மேற்கும் லிங்கராசாவுக்குப் போய்விடும். சேர்மதுரைக்குத் தொழிலே இல்லை. சகலையின் கூடத்தில் கணக்குப் பார்க்கிற வேலை வேண்டுமானால் கிடைக்கலாம்.

"வேற வழியே இல்லியாம்மா?"

"பழகின தொட்டியிலேருந்து கொஞ்சம் எடுத்து ஊத்தினா மறுநாளே பிடிச்சிக்கும்" என்றாள் நிலோஃபர். "அந்தத் தொட்டிக்காரர் மனசு வச்சுக் குடுக்கணும். அவ்வளவுதான்."

ஊரில் அதை உறை என்றே சொன்னார்கள். பாலுக்கு உறை ஊற்றுவதுபோல் குப்பைக்கு உறை. உறை யாரிடம் இருக்கிறது என்று கேட்க வேண்டியதில்லை.

லிங்கராசாவின் வாசலில் போய் நிற்பதைவிடத் தொட்டிக்குள் குதித்துவிடலாம் என்று சேர்மதுரைக்கு இருந்தது. வெள்ளிக்கிழமை மாலை வரை யோசித்தார். பொற்கிளி விளக்கேற்றிவிட்டுத் திரும்பியபோது சொன்னார்.

"ஏட்டி, ஒந் தங்கச்சி வீடு வரைக்கும் போயிட்டு வா. ரெண்டு பால்கேன் எடுத்துக்கோ. உறை கேளு."

பொற்கிளி தீப்பெட்டியைக் கீழே வைக்கவில்லை. "இன்னைக்கா?"

"இன்னைக்குத்தான். தொட்டி பிடிக்க ரெண்டு நாளாவது வேணும். திங்கக்கெழம கமிஷனரு வாராரு."

"வெள்ளிக்கெழம வெளக்கு வச்ச பெறவு உறமோரு கேட்டு எவளாவது போவாளா? கேட்டாலும் எவ குடுப்பா? மோரோட லச்சுமியும் போயிருவான்னுல்லா சொல்லுவாவ. எந் தங்கச்சி ஒரு கல்லு உப்புக் கூட நாளைக்கு வான்னு சொல்லுதவ."

"இது மோராட்டி? தொழிலு."

"உங்களுக்குத் தொழிலு. அவளுக்கு அவ வீட்டு வாசலு."

"கேக்காமலே இல்லேங்காத. போயிக் கேளு. உங்கூடப் பொறந்தவ ஒரு வாளி உறை தரமாட்டாளா பாப்போம்."

பொற்கிளி முகத்தைத் தூக்கிவைத்துக்கொண்டு ஆட்டோவில் போனாள். எப்படியும் வெறுங்கையோடுதான் வருவாள், வந்ததும் அவள் பிறந்த வீட்டைப் பற்றி என்னென்ன சொல்லலாம் என்று சேர்மதுரை அடுக்கி வைத்துக்கொண்டிருந்தார். சீக்கிரமே ஆட்டோ வந்து நின்றது. இரண்டு கேன்களும் மூடி வரைக்கும் தளும்ப இருந்தன. ஆட்டோவின் பின்னால், அவள் கொண்டுபோகாத மூன்றாவது கேன் ஒன்றும் இருந்தது.

"குடுத்துட்டாளா!"

"குடுத்துட்டா." பொற்கிளியின் குரலில் சந்தோஷம் இல்லை. "நான் வாயத் தொறக்குறதுக்கு முன்னாடியே எதுக்குக்கா வந்தேன்னு கேட்டா. சொன்னேன். உள்ள போயி அவளே ஆள் வச்சித் தூக்கிட்டு வந்தா. எங்கிட்ட இருக்கது பத்தாதுக்கா, இதையும் கொண்டு போங்கான்னு இன்னொரு கேனத் தந்தா. வெளக்கு எரிஞ்சிட்டு இருக்கு. வெள்ளிக்கெழம. அவ கையாலயே தூக்கிக் குடுத்தா."

சேர்மதுரை சிரித்தார். வெகுநாளைக்கு அப்புறம் வந்த சிரிப்பு.

"அறிவில்லாத பயபுள்ள. நாளு கெழம மறந்துட்டா. லச்சுமி வீடு மாறிட்டாட்டி! அந்த வீட்ட விட்டுட்டு ஆட்டோவுல ஏறி நம்ம வீட்டுக்கு வந்துட்டா."

"அவ மறக்குதவ இல்ல" என்றாள் பொற்கிளி. "வந்தது லச்சுமிதானான்னு நல்லாப் பாத்துக்கிடுங்க."

சேர்மதுரை பார்க்கவில்லை. கேன்களைத் தொட்டிக்குக் கொண்டுபோய், சூடம் கொளுத்திக் காட்டி ஊற்றினார். மறுநாள் தொட்டி முனக ஆரம்பித்தது. ஞாயிற்றுக்கிழமை குழாயில் எண்ணெய் சொட்டியது. அந்த முதல் சொட்டை விரலில் தொட்டு முகர்ந்து பார்த்தார். திங்கட்கிழமை கமிஷனர் வந்து, மூக்கைப் பொத்திக்கொண்டு, நன்றாக இருக்கிறது என்றார்.

டெண்டருக்கு விலை எழுதும்போது சேர்மதுரை ஒரு காரியம் செய்தார். தமக்கு என்ன கட்டுப்படியாகும் என்று கணக்குப் போட்டு எழுத வேண்டிய இடத்தில், லிங்கராசா என்ன எழுதுவான் என்று கணக்குப் போட்டு, அதற்கும் கீழே எழுதினார். நகராட்சி டன்னுக்குக் கொடுக்கிற தொகையை வெகுவாகக் குறைத்துக்கொண்டார். வீடுகளுக்குக் கொடுக்கிற குப்பை விலையை உயர்த்தினார். இரண்டும் போக எண்ணெய் இருக்கிறது. தினமும் மாடியில் நின்று பார்த்த அத்தனை லாரிகளும் இருக்கின்றன.

டெண்டர் உறை பிரிக்கிற அன்று நகராட்சி அலுவலகத்தில் கூட்டம். மேசையில் இருந்தது ஒரே ஓர் உறை. சேர்மதுரையுடையது. லிங்கராசா டெண்டரே போடவில்லை. வேடிக்கை பார்க்க வந்தவர்கள் வரிசையில் வெள்ளைச் சட்டையோடு உட்கார்ந்திருந்தான்.

"நல்லா இரும் சகலை" என்று எழுந்து வந்து கையைப் பிடித்துக் குலுக்கினான். ஒப்பந்தப்படி கிழக்குத் தொட்டியும் இனிப் புதியவர் பொறுப்பு. கூடத்தின் சாவிக்கொத்தைச் சட்டைப்பையிலேயே கொண்டுவந்திருந்தான். எடுத்துக் கொடுத்தான்.

பயந்துவிட்டான் என்று சேர்மதுரை எல்லாரிடமும் சொன்னார். சொல்லும்போதே ஒரு குறை இருந்தது. தோற்றவன் முகம் தோற்றவன் முகம்போல் இல்லை.

மறுநாள் காலை அவர் மாடிக்குப் போகவில்லை. நேரே கிழக்குக் கூடத்துக்குப் போய், லிங்கராசா உட்கார்ந்த நாற்காலியை வாசலுக்கு இழுத்துப்போட்டு உட்கார்ந்தார். மரியபுஷ்பம் மேற்கு வண்டியைக் கொண்டுவந்து நிறுத்தியிருந்தாள். பாதி வண்டி. நிலோஃபர் தொட்டியின் மேல் ஏறி எதையோ அளந்துகொண்டிருந்தாள். அப்போது தார்ப்பாய் மூடிய லாரி ஒன்று உள்ளே திரும்பியது.

"எங்க எறக்கணும் அண்ணாச்சி?" என்றான் டிரைவர்.

"வாங்க வாங்க! எந்த ஊர்க் குப்ப?"

டிரைவருக்குப் புரியவில்லை. "குப்பையா?"

"தார்ப்பாய எடும்வே, பாப்போம்."

எடுத்தான். மூட்டை மூட்டையாக அடுக்கியிருந்தது. ஒரு மூட்டை ஓரத்தில் பிரிந்து வெள்ளையாகச் சிந்தியது.

"அரிசிக் குருணை அண்ணாச்சி. மில்லுலேருந்து. எப்பவும் வர்றதுதான். நாளைக்கு மரவள்ளி மாவு வரும்."

மரியபுஷ்பம் வண்டியை விட்டு வந்து, மூட்டைக்குள் கையை விட்டு ஒரு பிடி அள்ளினாள். உள்ளங்கையில் பரப்பிப் பார்த்தாள்.

"இதத்தான கட கடையாத் தேடி அலஞ்சேன்" என்றாள். "குருண வரத்து இல்ல, குருண வரத்து இல்லன்னான் கடக்காரன். எம் பிள்ளையளுக்குக் கஞ்சி காய்ச்சக் குருண இல்ல. இங்கன வந்துல்லா படுத்திருக்கு!"

"என்னம்மா இது?" என்று சேர்மதுரை மேலே பார்த்துக் கேட்டார். நிலோஃபர் ஏணியில் இறங்கி வந்தாள்.

"சார், தின்னி எல்லாத்தையும் திங்கும். ஆனா எல்லாத்துலயும் அதுக்குத் தெம்பு வராது. பிளாஸ்டிக்க அது மெல்லும், அவ்வளவுதான். உடம்புக்குச் சோறு வேணும், மாவு வேணும். முதல் வருஷம் ஊர்க் குப்பையில சோறு நெறைய இருந்துது. அப்புறம் குப்பைக்கு வெலை வந்துச்சா? வெலை உள்ள பொருள யாரு தூக்கிப் போடுவா? ஆடு வாங்கினாங்க, கோழி வாங்கினாங்க. வீட்லயே மிச்சமில்லாம சமைக்கப் பழகிட்டாங்க. குப்பை கொறஞ்சிட்டு. ஆனா தொட்டிக்குப் பசி கொறையாது. அது வளர்ந்துட்டே இருக்கற பொருள்."

"அப்ப வெளியூர்க் குப்ப?"

"வெளியூர்க் குப்பைன்னு ஒண்ணு வந்ததே இல்ல சார்."

"இத நீ ஏம்மா எங்கிட்டச் சொல்லல?"

"ஒரு கஸ்டமர் தொட்டியில என்ன போடுறாருன்னு இன்னொரு கஸ்டமர்கிட்டச் சொல்லக் கூடாது. கம்பெனி ரூல். நீங்களும் என்கிட்ட உறை பத்தித்தான் கேட்டீங்க. தீனி பத்திக் கேக்கலையே."

சேர்மதுரை உட்கார்ந்தார். "சரி. நிறுத்திருவோம். அரிசியத் தின்னு எண்ணெ கக்குற தொட்டி எதுக்கு?"

"பட்டினி போட்டா அழுகிரும் சார். அந்தக் காத்து பட்டா சுத்தி இருக்கற ரெண்டு தெருவும் ஆஸ்பத்திரியில இருக்கும். அதனாலதான் தொட்டிய இன்னொருத்தர் எடுத்துக்காம யாரும் நிறுத்த முடியாது. லைசன்ஸ்லயே அப்படித்தான். மத்தியானத்துக்குள்ள தீனி போடணும்." கொஞ்சம் தயங்கி, "உங்க மேற்குத் தொட்டிக்கும் இனிமே இதே பழக்கம்தான். இங்கேருந்து எடுத்த உறைதானே" என்றாள்.

வாசலில் நின்ற டிரைவர் ஹாரனை ஒரு தட்டுத் தட்டினான். "எறக்கவா, திருப்பிக் கொண்டு போகவா அண்ணாச்சி? எனக்கு அடுத்த லோடு இருக்கு."

சேர்மதுரை எல்லாரையும் ஒரு முறை பார்த்தார். அப்புறம் யாரையும் பார்க்காமல் சொன்னார்.

"எறக்கு."

மரியபுஷ்பம் கையிலிருந்த ஒரு பிடிக் குருணையை முந்தானையில் முடிந்துகொண்டாள். "இதுக்கும் எடைக் கொறச்சலு போட்டுக்கிடுங்க" என்று சொல்லிவிட்டு வண்டியை எடுத்தாள்.

அந்த ஞாயிற்றுக்கிழமை பொற்கிளி தங்கையையும் தங்கை மாப்பிள்ளையையும் விருந்துக்கு அழைத்திருந்தாள். டெண்டர் கிடைத்த அன்றே அழைத்துவிட்டாள். இப்போது வேண்டாம் என்று சொல்ல முடியாது. கூடத்தில் இலை போட்டார்கள். சந்தனக்கனி அக்காளோடு அடுக்களையில் நின்றுகொண்டாள். அக்காளின் கண்ணைப் பார்க்காமல் அப்பளம் பொரித்தாள்.

லிங்கராசா சம்மணம் போட்டு உட்கார்ந்து சாப்பிட்டான். வெகுநாள் பட்டினி கிடந்தவன் சாப்பிடுவதுபோல் நிதானமாகவும் ருசித்தும் சாப்பிட்டான்.

"எல்லாம் தெரிஞ்சிதான் தலையில கட்டினீரு" என்றார் சேர்மதுரை, தம் இலையில் ஒன்றையும் தொடாமல்.

"தெரிஞ்சிதான். நீரு உறை கேட்டு எப்ப வருவீரு, எப்ப வருவீருன்னு காத்துக்கிட்டு இருந்தேன் சகலை. நானாக் கொண்டு வந்து குடுத்தா வாங்கியிருப்பீரா? அந்தப் பய குடுக்கான்னா ஏதோ இருக்குன்னு யோசிச்சிருப்பீரு. மதினி வந்து கேட்ட அன்னைக்கு எம் பொண்டாட்டி அழுதுட்டா. வெள்ளிக்கெழம குடுக்கோமே, பாவம்லா அக்கான்னா. நான்தான் குடுட்டின்னேன்."

அடுக்களையில் அப்பளச் சத்தம் நின்றது.

"எண்ணெ வித்த காசு அரிசிக்கே சரியாப் போவும். சில நாளு பத்தாது. கப்பல்காரனுக்கு ஒத்துக்கிட்ட அளவு அனுப்பலேன்னா அதுக்கு வேற அபராதம்."

"அப்ப ஏன்வே அத்தன வருசம் ஓட்டுனீரு? ஆரம்பத்துலயே யாரு தலையிலயாவது கட்டிட்டுப் போயிருக்கலாம்லா?"

லிங்கராசா கத்தரிக்காயைச் சோற்றோடு பிசைந்தான். "உம்ம மொட்டமாடிதான் காரணம்."

"எம் மாடியா?"

"காலையில கூடத்தத் தொறந்தா, அந்தப் பக்கம் மாடியில நீரு நிக்கது எனக்குத் தெரியும். ஒரு நாளு லாரி போகலேன்னா நீரு சிரிச்சிருவீரேன்னு இருக்கும். அதுக்காகவே மூட்ட மேல மூட்டயா வாங்கிப் போட்டேன். உம்ம பாத்தா எனக்கு எரியும் சகலை. உரத்த வித்தோமா, மத்தியானம் சாப்பிட்டுப் படுத்தோமான்னு இருந்தீரு. இவனால மட்டும் எப்பிடிடா தூங்க முடியுதுன்னு நெனைப்பேன்." வாய் நிறையச் சோற்றோடு சிரித்தான். "இப்பத் தூங்குதேன். நேத்து மத்தியானம் படுத்தவன் வெளக்கு வைக்கிற நேரத்துக்குத்தான் எந்திரிச்சேன்."

சேர்மதுரைக்கு வயிற்றில் பழைய இடத்தில் எரிந்தது. எவ்வளவு நேரம் தூங்கியிருப்பான் என்று மனம் கணக்குப் போட்டது. மேற்குத் தொட்டிக்கு மாலைத் தீனி இன்னும் வரவில்லை. மில்காரர் குருணை விலையை ஏற்றிவிட்டார். வீடுகளுக்கு விலை உயர்த்தியதிலிருந்து வாளிகள் இன்னும் லேசாகியிருந்தன.

லிங்கராசா என்னவோ பேசிக்கொண்டே இருந்தான். சேர்மதுரையின் கண் அவன் முகத்தில் இல்லை, இலையில் இருந்தது. முருங்கைக்காயைச் சாறு துளியும் இல்லாமல் மென்று சக்கையை ஓரமாக வைத்திருந்தான். ரசத்தை விரலால் வழித்துத் துடைத்திருந்தான். ஒரு பருக்கை இல்லை. கறிவேப்பிலையைக்கூடத் தின்றிருந்தான். இலையை மடிப்பதற்கு மேல் ஓரத்தைப் பிடித்தான்.

"ஏட்டி!" என்று சேர்மதுரை அடுக்களையைப் பார்த்துக் கூப்பிட்டார். "சகலைக்குச் சோறு கொண்டா."

பொற்கிளி சோற்றுச் சட்டியோடு வந்து நின்று, இலையைப் பார்த்தாள். "போதும்னுட்டாவளே. இலைய மடக்கப் போறாவ."

"வைய்யி."

"எதுக்குங்க, வயித்துல எடம் இருக்க வேண்டாமா?"

"நெறைய வைய்யி" என்றார் சேர்மதுரை. "மிச்சம் வைக்கட்டும்."